பாராட்டென்பது யாது?



சென்ற திங்கள் ஒரு மாலையில் எம். புதுப்பட்டியிலுள்ள ஓர் இல்லத்தைச் சந்திக்கச் சென்றிருந்தோம். பட்டாசு ஆலையில் சரம் பின்னிவிட்டு அப்போதுதான் திரும்பியிருந்தார் இல்லத்தலைவி. கல்லூரியில் பயிலும் அவர் மகன், பழைய நடனப் படமொன்றைக் கைபேசியில் நமக்குக் காட்டினான். தொழிலாளர் வரிசையாய் நின்று, இயந்திரத்தின் உறுப்புகளைப் போலவே கைகால்களை அசைக்கும் காட்சி அது. எட்டிப் பார்த்த தாய், "எங்க கையும் இப்படித்தானே சாமி போகுது!" என்றார்.

அப்படம் 'கல்பனா'. நடனமேதை உதயசங்கர் எழுதி, இயக்கி, துணைவியார் அமலாவுடன் நடித்தது. அவர் இயக்கிய ஒரே படமும் அதுவே. சென்னை ஜெமினி படப்பிடிப்பு நிலையத்தில் உருவாகி 1948-இல் வெளிவந்தது. நிழலும் ஒளியும் விளையாடும் அரங்கங்கள், திரளான ஆடற்குழுக்கள் என்று கண்ணைப் பறிக்கும் படைப்பு. நம் பத்மினி முதன்முதல் திரையில் தோன்றியதும் இதில்தான். ஆயினும் பணம் சேரவில்லை. கலைக்கூடம் அமைக்கக் கனவு காணும் கலைஞனின் கதையைப் பெருந்திரள் மக்கள் ஏற்கவில்லை.

அருமை உணர்ந்தோர் சிலரே. அந்நாளில் இன்னும் இயக்குநராகியிராத சத்யஜித் ராய் அதனைப் பலமுறை பார்த்து மகிழ்ந்தார். பின்னாளில் அமெரிக்க இயக்குநர் மார்ட்டின் ஸ்கார்செசி முன்வந்தார். இளமையில் குருவாக விரும்பி இளங்குருமடத்தில் சிறிது காலம் பயின்றவர் இவர். 2007-இல் இவர் நிறுவிய உலகத் திரைப்பட அறக்கட்டளை, பூனா தேசியத் திரைப்படக் காப்பகத்திலிருந்த படிகளைக் கொண்டு 'கல்பனா'வைப் புதுப்பித்தது. 2012-இல் கான் திரைவிழாவில் அது திரையிடப்பட்டபோது, தொண்ணூறு கடந்த அமலா சங்கரும் அங்கிருந்தார்.

அக்காலப் படச்சுருள்கள் பல, வெடிமருந்துக்கு நெருங்கிய உறவான நைட்ரோசெல்லுலோசால் ஆனவை. எளிதில் தீப்பற்றும், தீப்படாவிடினும் நாளடைவில் பொடியாகும். நெருப்பின் இயல்பை நன்கறிந்த நம் மக்களுக்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டா. தமிழின் முதற் பேசும்படமான 'காளிதாஸ்' (1931) இன்று காணக் கிடைப்பதில்லை.

ஆகவே, வியந்து கைதட்டுவது பாராட்டின் தொடக்கமேயன்றி முடிவன்று. வியந்ததைக் காப்பதே அதன் நிறைவு. தீபாவளி இரவில் வானத்து ஒளிப்பூக்களைக் கண்டு நாடே வியக்கின்றது. அவற்றை ஆக்கிய கைகளை நாம் காக்கின்றோமா? ஓர் அறைக்கு இத்தனை பேர் என்னும் விதி மீறப்படும்போது, கூலிக்கு அஞ்சி வாய்மூடி இருந்துவிடுகின்றோமா? பழைய படச்சுருளை மீட்க ஆளுண்டு. கருகிய கைகளை மீட்டுத்தர எவருளர்?

அந்தத் தாயின் சொல் இன்னும் நம் செவியில் ஒலிக்கின்றது.