எல்லையில் ஒலித்த பேய்க்குரல்... கம்போடியா சினிமா ஏன் மீண்டும் மீண்டும் பேயிடமே போகிறது?

2025 அக்டோபர். தாய்லாந்து - கம்போடியா எல்லையில் இருக்கும் ப்ரே சான் கிராமத்தில் இரவு நேரத்தில் திடீரென அலறல் சத்தம். எல்லைக்கு அந்தப் பக்கம், அதாவது தாய்லாந்து பக்கம் வைக்கப்பட்ட ஒலிபெருக்கிகளில் இருந்து பேய் அழும் குரலும், அதைத் தொடர்ந்து விமான இன்ஜின் இரைச்சலும் வந்தன. குழந்தைகளும் முதியவர்களும் தூங்க முடியவில்லை என்று கம்போடியாவின் மனித உரிமைக் குழு ஐ.நா. மனித உரிமை ஆணையரிடம் புகார் கொடுத்தது. முன்னாள் பிரதமர் ஹுன் சென் அந்தக் கடிதத்தைப் பேஸ்புக்கிலேயே போட்டார்.

பீரங்கியும் ராக்கெட்டும் வெடித்த எல்லையில் பேய்ச் சத்தத்தை வைத்து என்ன செய்ய முடியும் என்று சிரிக்கத் தோன்றலாம். ஆனால் அந்தக் கிராமத்து மக்களுக்கு அது சிரிப்பு இல்லை. கம்போடியாவில் பேய் என்பது பொழுதுபோக்கு மட்டுமே கிடையாது. அந்த நாட்டின் சினிமாவைப் பார்த்தாலே அது புரியும்.

யார் இந்த 'ஆப்'?

கம்போடிய பேய்களில் ரொம்பவே பிரபலமானது 'ஆப்'. பகலில் ஊரோடு ஊராகச் சாதாரணமாக நடமாடும் பெண். இரவானதும் அவள் தலை மட்டும் உடம்பிலிருந்து கழன்று, கீழே குடல் தொங்கத் தொங்கப் பறக்கும். ரத்தத்தையும் கழிவையும் தேடிப் போகும். குறிப்பாகப் பிரசவம் நடக்கும் வீடுகளைக் குறிவைக்கும் என்பது நம்பிக்கை. அதனால் பிரசவ வீட்டைச் சுற்றி முள் போட்டு வைப்பார்கள். முள்ளில் குடல் சிக்கிவிடும் என்ற பயத்தில் ஆப் கிட்டே வராதாம். விடிவதற்குள் உடம்போடு சேராவிட்டால் அதன் கதை முடிந்தது.

இதே பேய்க்குத் தாய்லாந்தில் 'க்ராசூ' என்று பெயர், மலேசியாவில் 'பெனாங்கலான்'. எல்லைக்கோடு எங்கே என்று சண்டை போடும் இரண்டு நாடுகள், ஒரே பேய்க்குத்தான் பயப்படுகின்றன.

பேய்க்குச் சோறு போடும் 15 நாட்கள்

இன்னொரு பக்கமும் இருக்கிறது. கம்போடியாவின் மிகப் பெரிய பண்டிகைகளில் ஒன்று 'ப்சும் பென்'. புரட்டாசியை ஒட்டி 15 நாட்கள் நடக்கும். இறந்துபோன முன்னோர்கள் பசியோடு வருவார்கள் என்று நம்பி, விடியற்காலை இருட்டில் புத்த விகாரைகளைச் சுற்றி வந்து சோற்று உருண்டைகளை வீசுவார்கள். தன் குடும்பத்து ஆவி எந்த விகாரையில் காத்திருக்கிறதோ என்று ஏழு விகாரைகளுக்குப் போகும் வழக்கமும் உண்டு.

இதைப் படிக்கும்போது நம் ஊர் மகாளய பட்சம் நினைவுக்கு வந்தால் ஆச்சரியமில்லை. இரண்டும் பெரும்பாலும் ஒரே காலத்தில்தான் வரும். 'பென்' என்ற சொல்லே சம்ஸ்கிருத 'பிண்டம்' என்பதிலிருந்து போனதுதான்.

ஆக, கம்போடிய நம்பிக்கையில் பேய் என்பது அந்நியம் இல்லை. முறையாக வழியனுப்பப்படாத சொந்தக்காரர். சாப்பாடும் சடங்கும் கிடைத்தால் அமைதியாகப் போய்விடுவார். கிடைக்காவிட்டால் திரும்பி வருவார்.

400 படங்கள்... மிஞ்சியது எத்தனை?

1960 முதல் 1975 வரை கம்போடிய சினிமாவின் பொற்காலம். சுமார் 400 படங்கள் வந்தன. நாட்டுப்புறக் கதைகள்தான் பலவற்றுக்கும் அடித்தளம். அதில் பெரிய ஹிட், 1970-ல் தியா லிம் கூன் இயக்கிய 'புஓஸ் கெங் கோங்'. பாம்பு அரசனோடு உறவு கொள்ளும் பெண், அதனால் பிறக்கும் பிள்ளை, தொடரும் சாபம் என்று போகும் கதை. கம்போடியாவைத் தாண்டி தாய்லாந்திலும் ஓடியது. நாயகி டி சவெத் அன்றைய உச்ச நட்சத்திரம்.

1975 ஏப்ரல் 17-ல் கெமர் ரூஜ் படை தலைநகர் புனோம் பென்னைப் பிடித்தது. அதன் பிறகு 1979 ஜனவரி வரை நடந்த போல் பாட் ஆட்சியில் பட்டினி, நோய், கட்டாய உழைப்பு, கொலை என்று 17 லட்சம் பேருக்கு மேல் இறந்தார்கள். சினிமாக்காரர்களில் பெரும்பாலானவர்கள் அதில் அடக்கம். வெளிநாட்டுக்குத் தப்பிய டி சவெத் போன்ற சிலர்தான் மிஞ்சினார்கள். 400 படங்களில் இன்று எஞ்சியிருப்பவை சுமார் 30 மட்டுமே. இந்த இழப்பைத்தான் டேவி ச்சூ 2011-ல் 'கோல்டன் ஸ்லம்பர்ஸ்' என்ற ஆவணப்படமாக எடுத்தார்.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். கெமர் ரூஜ் மதத்தையும் தடை செய்தது. பிக்குகளின் காவி பறிக்கப்பட்டது, விகாரைகள் சிறைகளாகவும் கிடங்குகளாகவும் மாறின. அப்படியென்றால், இறந்த லட்சக்கணக்கான பேருக்கு எந்தச் சடங்கும் நடக்கவில்லை. கம்போடிய நம்பிக்கைப்படி பார்த்தால், வழியனுப்பப்படாத ஆவிகளால் நாடே நிறைந்துவிட்டது.

அழிவுக்குப் பிறகு வந்த பேய்

அதனால்தான் அடுத்து நடந்தது தற்செயல் மாதிரி தெரியவில்லை. எல்லாம் அழிந்த பிறகு, புதிதாக எடுக்கப்பட்ட முதல் படங்களில் ஒன்று 1980-ல் வந்த ஆப் படம். 'பிள்ளையே, உன் அம்மா ஒரு ஆப்' என்பதுதான் அதன் தலைப்பின் பொருள். 2001-ல் கம்போடிய சினிமா மறுபடி எழுந்து நிற்க முயன்றபோதும், கை கொடுத்தது பழைய பாம்புக் கதைதான். ஃபாய் சம் ஆங் இயக்கிய 'பாம்பு அரசனின் பிள்ளை' படத்தில் தாய்லாந்து நடிகர் வினாய் க்ரைபுட் நாயகன்.

2003 தடை என்ன செய்தது?

2003 ஜனவரியில் ஒரு வதந்தி பரவியது. அங்கோர் வாட் தாய்லாந்துக்குச் சொந்தம் என்று ஒரு தாய்லாந்து நடிகை சொன்னதாகப் பேச்சு. அவர் மறுத்தும் கலவரம் வெடித்து, புனோம் பென்னில் தாய்லாந்து தூதரகமே எரிக்கப்பட்டது. தாய்லாந்து டிவி தொடர்கள் நிறுத்தப்பட்டன.

திடீரென்று திரையில் ஒரு காலியிடம். அதை நிரப்ப உள்ளூர் தயாரிப்பாளர்கள் இறங்கினார்கள். கையில் பணம் இல்லை, பயிற்சி பெற்ற ஆட்கள் குறைவு. ஒரு கிராமத்து வீடு, ஒரு இரவு, கொஞ்சம் மேக்கப் இருந்தால் பேய்ப் படம் ரெடி! 2004-ல் 'நியங் ஆப்' வந்தது. அதைத் தொடர்ந்து வரிசையாகப் பேய்ப் படங்கள்.

ஆனால் அலை நீடிக்கவில்லை. ஒரே கதை, அவசரத் தயாரிப்பு, தெருவெங்கும் திருட்டு டிவிடி. சில வருடங்களிலேயே ரசிகர்கள் விலகினார்கள், தியேட்டர்கள் மூடப்பட்டன. போட்டியாளரைத் தடுத்தால் வாய்ப்பு கிடைக்கும், தரம் தானாக வந்துவிடாது என்பதுதான் அந்த அனுபவம் சொன்ன பாடம்.

திரைக்கு வெளியே இருக்கும் ஆபத்து

பேய்ப் படத்தை வெறும் ஜாலியாகப் பார்க்க முடியாததற்கு இன்னொரு காரணமும் உண்டு. கம்போடிய கிராமங்களில் சூனியக்காரர் என்று சந்தேகிக்கப்பட்டவர்கள் கொல்லப்பட்ட சம்பவங்களை ஐ.நா. மனித உரிமை அலுவலகம் பதிவு செய்திருக்கிறது. ஊரில் ஒருவர் புரியாத நோயில் இறந்தால், பக்கத்து வீட்டுக்காரர் மேல் பழி விழலாம்.

ஆப் கதையின் மையமும் இதே சந்தேகம்தானே? பகலில் நம்மோடு பேசும் பெண், இரவில் வேறு யாரோ. அவளைக் கொன்றால் ஊர் பிழைக்கும் என்று ஒரு படம் முடிந்தால், அது எந்த எண்ணத்துக்கு வலு சேர்க்கிறது? அதே கதையை அந்தப் பெண்ணின் பக்கம் நின்றும் சொல்லலாம். தாய்லாந்தில் 2019-ல் வந்த 'இன்ஹியூமன் கிஸ்' க்ராசூவைப் பரிதாபத்துக்குரிய பெண்ணாகக் காட்டியது. ஆஸ்கருக்கு அந்த நாடு அனுப்பிய படமும் அதுதான்.

பேயின் முகம் மாறுகிறதா?

கம்போடியாவிலும் மாற்றம் தெரிகிறது. இயக்குநர் ரித்தி பான் 2018-ல் 'கிரேவ்ஸ் விதவுட் எ நேம்' எடுத்தார். அது பேய்ப் படம் இல்லை, ஆவணப்படம். கெமர் ரூஜ் காலத்தில் இறந்த தன் குடும்பத்தினர் புதைக்கப்பட்ட இடத்தை அவர் தேடுகிறார். குறி சொல்பவர்களையும் சடங்குகளையும் நாடுகிறார். ஆவி நம்பிக்கை அங்கே பயமுறுத்தவில்லை, துக்கத்துக்கு ஒரு வழி காட்டுகிறது.

2024-ல் ராட்டர்டாம் திரைப்பட விழாவில் திரையிடப்பட்ட 'டெனமென்ட்' முழுக்க முழுக்க பேய்ப் படம். ஜப்பானில் வளர்ந்த ஒரு ஓவியக் கலைஞர், அம்மா இறந்த பிறகு புனோம் பென்னில் அம்மா வாழ்ந்த பழைய அடுக்குமாடிக்கு வருகிறார். அந்தக் கட்டடமும் அங்கே இருப்பவர்களும் மறைத்து வைத்திருப்பதுதான் திகில். அம்மாக்கள் பிள்ளைகளிடம் சொல்லாமல் விட்ட கடந்தகாலமே இங்கே பேய் வேலையைச் செய்கிறது.

இனி என்ன ஆகும்?

எல்லைப் பிரச்சினை முற்றியதால் 2025 ஜூன் மாதம் கம்போடியா மறுபடியும் தாய்லாந்து படங்களுக்கும் தொடர்களுக்கும் தடை போட்டது. ஜூலையில் ஐந்து நாள் சண்டையே நடந்தது. 2003-ல் உருவான அதே காலியிடம் இப்போதும் உருவாகியிருக்கிறது.

ஆனால் நிலைமை அப்படியே இல்லை. இப்போது புனோம் பென்னில் மல்டிபிளெக்ஸ்கள் இருக்கின்றன, வெளிநாட்டு விழாக்களுக்குப் போய்வந்த இளம் இயக்குநர்கள் இருக்கிறார்கள். மறுபுறம், ரசிகர்களின் கையில் போன் இருக்கிறது. தியேட்டரில் தடுத்த தாய்லாந்து படத்தை அதில் தடுப்பது கடினம். சுமார் 1.7 கோடி மக்கள் மட்டுமே உள்ள நாட்டில் டிக்கெட் வசூலும் ஓரளவுக்குத்தான் வரும்.

இன்னொரு சிக்கல், எல்லைக் கோபத்தைக் காசாக்க நினைப்பது. எதிரி நாட்டுப் பேய், நம் நாட்டுப் பேய் என்று படம் எடுப்பது ரொம்பவே சுலபம். அதைச் செய்தால் 2000-களின் தோல்விதான் இன்னொரு முறை நடக்கும்.

மற்ற நாட்டுப் பேய்ப் படங்களில் இல்லாத ஒன்று கம்போடியாவிடம் இருக்கிறது. அங்கே பெரும்பாலான குடும்பங்களில், எங்கே புதைக்கப்பட்டார் என்றே தெரியாத ஒருவராவது உண்டு. நேரில் பார்த்த தலைமுறைக்கு வயதாகிவிட்டது, அவர்களில் பலர் அதைப் பிள்ளைகளிடம் பேசியதே இல்லை. அந்தப் பேச்சை ஆரம்பித்துவைக்கப் பேய்ப் படத்தால் முடியும். இந்தத் தடையால் லாபமா நஷ்டமா என்பது எத்தனை படங்கள் வருகின்றன என்பதில் இல்லை, அப்படிப்பட்ட படங்கள் வருகின்றனவா என்பதில்தான் இருக்கிறது.