வழக்கை இடம் மாற்றக் கேட்கலாம்



மலாக்காவின் கிளேபாங்கில் குடியிருப்பவர் மீது கோலாலம்பூரில் கடன் வழக்குப் பதிவானால், ஒவ்வொரு முறையும் சுமார் 150 கிலோமீட்டர் அலைய வேண்டியதுதான் என்றே நம்மவர் பலரும் நினைக்கிறார்கள். கூலி வேலையை விட்டுப் போக முடியாமல் சிலர் ஆஜராவதே இல்லை. அப்புறம் ஒருதலைத் தீர்ப்புதான்.

2012ஆம் ஆண்டு நீதிமன்ற விதிகளின் 57ஆவது ஆணை, சிவில் வழக்கை வேறு நீதிமன்றத்துக்கு மாற்றக் கேட்டு மனுச் செய்ய வழி தருகிறது. பிரதிவாதி எங்கே வசிக்கிறார், விவகாரம் எங்கே நடந்தது, சாட்சிகள் எங்கே இருக்கிறார்கள் என்று காரணம் காட்டிக் கேட்கலாம். முடிவு நீதிபதியுடையது, ஆனால் கேட்காமல் கிடைக்காது.

2013 மார்ச் முதல் செஷன்ஸ் நீதிமன்றம் 10 லட்சம் ரிங்கிட் வரையிலான வழக்குகளை விசாரிக்கிறது. ஆகவே பெரும்பாலான கடன் வழக்குகளை மலாக்காவிலேயே, ஆயர் குரோ நீதிமன்றத்திலேயே நடத்திவிடலாம்.

சட்ட உதவித் துறை, வழக்கை மாற்றக் கேட்கும் இந்த வழியைத் தமிழில் ஒரு பக்கத் துண்டறிக்கையாக அச்சிட்டு, தோட்டப்புறக் கோயில்களிலும் தமிழ்ப்பள்ளிகளிலும் கொடுக்க வேண்டும்.

- வாசகர், கிளேபாங்