வீரம் திரைக்கு மட்டுந்தானா?

திரையில் ஒரு நடிகை நாலு பேரை அடித்து வீழ்த்தினால் கைதட்டுகிறோம். நம் வீட்டுப் பெண் சிலம்பம் கற்க விரும்பினாலோ, "பெண்பிள்ளைக்கு இதெல்லாம் எதற்கு?" என்கிறோம். இது முறைதானா?

இந்தியத் திரையில் சண்டைக் காட்சிகளால் தனிப்புகழ் நாட்டியவர் நாடியா. 1908-இல் ஆஸ்திரேலியாவில் பிறந்த இவரது இயற்பெயர் மேரி ஈவான்ஸ். 1935-இல் வெளிவந்த 'ஹண்டர்வாலி' என்ற இந்திப் படத்தில் முகமூடி அணிந்து, சாட்டையேந்தி, குதிரையேறி வந்தார். ஆபத்தான காட்சிகளிலும் தாமே நடித்தார். இத்துணிவு வானத்திலிருந்து குதித்ததன்று. நடனமும் குதிரையேற்றமும் சர்க்கஸ் அனுபவமும் தந்த பரிசு அது.

தமிழிலும் 1937-இல் 'மின்னல்கொடி' படத்தில் கே. டி. ருக்மணி சண்டையிட்டுப் புகழ்பெற்றார். ஆனால் அப்பாதை அகலப்படவில்லை. வாள் பெரும்பாலும் கதாநாயகன் கைக்கே போயிற்று. கதாநாயகி காப்பாற்றுவாரை எதிர்பார்த்துக் காத்திருந்தாள்.

ஹாங்காங் படவுலகில் 1966-இல் 'கம் ட்ரிங்க் வித் மீ' படத்தில் வாள்வீராங்கனையாக ஒளிர்ந்தவர் செங் பெய் பெய். அவரும் முன்னரே பாலே நடனம் பயின்றவர். 2000-இல் வந்த 'க்ரவுச்சிங் டைகர், ஹிடன் டிராகன்' படத்தில் அவர் ஏற்ற வேடம் நம்மைச் சிந்திக்க வைப்பது. பெண் என்பதால் குரு கலையைக் கற்றுத்தர மறுக்க, வஞ்சம் கொண்டு கொடியவளாகும் ஒருத்தியின் வேடம் அது!

நம் குமரி மாவட்டம் அடிமுறைக்கும் வர்மத்துக்கும் பேர்போனது. 2020-இல் வந்த 'பட்டாஸ்' படத்தில் அடிமுறை அறிந்த தாயாகச் சினேகா நடித்தபோது மகிழ்ந்தோம். அந்த வாய்ப்பு நம் பெண்கள் எத்தனை பேருக்குக் கிடைத்திருக்கிறது?

"பெண்கள் சண்டைக்காரிகள் ஆகிவிடுவார்களே!" என்பர் சிலர். வர்மக்கலையில் அடியோடு, அதை இளக்கும் வைத்தியமும் சேர்ந்தே கற்பிக்கப்படுகிறது. அடியின் வலிமை அறிந்தவர் கை அவ்வளவு எளிதில் ஓங்காது. பெண்ணால் முடியுமா என்று ஐயுறுவோர் வடகரை மீனாட்சியம்மாவை நினைக்கட்டும். களரி கற்பித்தே 2017-இல் பத்மஸ்ரீ பெற்றவர் அவர்.

எனவே, ஆசான்மார் மாணவியருக்கும் களரியைத் திறந்துவிட வேண்டும். கல்லூரிகளும் மாலையில் ஒரு மணி நேரம் மைதானத்தை ஒதுக்கித் தரட்டும். தோழியரே, தயங்காமல் முன்வாருங்கள்! கைதட்டியது போதும், இனிக் கம்பெடுப்போம்.