குணசித்திரம் என்ற ஓரம்

கறுப்பரான வுடி ஸ்ட்ரோடைக் 'குணசித்திர நடிகர்' என்று சொல்லி முடித்துக்கொள்கிறவர்களோடு எனக்குச் சண்டை உண்டு. 'ஸார்ஜெண்ட் ரட்லெட்ஜ்' (1960) படத்தின் பெயரே அவர் பாத்திரத்தின் பெயர். நடிகர் பட்டியலில் முதலிடமோ ஜெஃப்ரி ஹண்டருக்கு. இதைத்தான் ஜான் ஃபோர்டின் பெருந்தன்மை என்கிறார்கள். 'லிபர்ட்டி வேலன்ஸ்' படத்தில் (1962) அதே ஃபோர்ட் அவரை ஜான் வெய்னின் பணியாள் பாம்ப்பி ஆக்கினார். வகுப்பில் சுதந்திரப் பிரகடனத்தை ஒப்பிக்கும் பாம்ப்பிக்கு, எல்லோரும் சமம் என்கிற இடம் மறந்துபோகிறது. மறந்தது பாம்ப்பியா? (ஃபோர்டுக்கு இது தெரியும். தெரிந்துமா?)

1968ல் ஸெர்ஜியோ லியோனே 'ஒன்ஸ் அப்பான் எ டைம் இன் தி வெஸ்ட்'டில் அவரை ரயிலடியில் காக்க வைத்தார். வசனம் கிடையாது. மேலிருந்து சொட்டும் தண்ணீர் தொப்பியில் சேர்கிறது; நகராமல் நிற்கிறார்; பிறகு அதைக் குடிக்கிறார். ரயில் போனதும் சுடப்பட்டு விழுகிறார். அப்புறம் இரண்டு மணி நேரத்துக்கு மேல் படம் அவரில்லாமல் ஓடுகிறது.