கழிவு பாலாற்றுக்கு, கூலி கடல் கடந்து

கிரஸ்ட் தோல் மீதான 20 சதவீத ஏற்றுமதி வரியை 2025 பிப்ரவரி 1 மத்திய நிதிநிலை அறிக்கை அடியோடு நீக்கியதையும், அடுத்த மே மாத இறுதியில் வந்த அறிவிக்கை பதனிட்ட தோல்களுக்கு இருந்த துறைமுகக் கட்டுப்பாட்டையும் கட்டாய ஆய்வகச் சோதனையையும் ஒருசேரக் கைவிட்டதையும் தோல் வணிகத்தைக் கவனித்து வருவோர் நன்கு அறிவர். சிறு பதனிடுவோருக்குக் கைகொடுப்பதும் ஏற்றுமதியாளரின் நடைமுறைச் சுமையைக் குறைப்பதுமே நோக்கம் என்று காரணம் கூறப்பட்டது. நோக்கம் எதுவாயினும், அரை நூற்றாண்டுக் காலம் இந்நாடு கட்டிக்காத்த ஒரு கொள்கையின் முதுகெலும்பை முறித்த முடிவு இது. இதன் இழப்பு ராணிப்பேட்டை, ஆம்பூர், வாணியம்பாடித் தொழிலாளர்களிடம் தொடங்கி, பெரியமேட்டு மண்டிகளையும் மாதவரம் தொழிற்கூடங்களையும் கடந்து, இராயபுரம் துறைமுக வாயில் வரை பரவக்கூடியது.

எந்தச் சரக்கின் மீதான வரி நீங்கியது என்பது தெளிவானால்தான் இழப்பின் அளவு விளங்கும். உரித்து உப்பிட்ட கச்சாத் தோலை ஊறவைத்து, சுண்ணாம்பிட்டு, முடியும் சதையும் நீக்கி, குரோமிய உப்பில் பதனிட்டால் இளநீல நிறத்தோடு ஈரமாக வெளிவருவது ‘வெட் ப்ளூ’. அதைச் சீவி ஒரே கனத்துக்குக் கொண்டுவந்து, மறுபதனம் செய்து, சாயமும் எண்ணெயும் ஏற்றி உலர்த்தினால் கிடைப்பது கிரஸ்ட். அதன்மேல் பூச்சும் மெருகும் ஏறிய பிறகே அது காலணிக்கோ கைப்பைக்கோ மேலாடைக்கோ வெட்டத் தகுந்த முடிவுற்ற தோல் ஆகிறது. குரோமியம் தொடாமல் ஆவாரம் பட்டையால் பதனிடும் பழைய சென்னை முறைக்கு ஈ.ஐ., அதாவது ‘ஈஸ்ட் இந்தியா’ தோல் என்று பெயர்; புவிசார் குறியீடும் பெற்ற வகை அது. கிடங்கில் கட்டைப் பிரித்து, தரம் பிரிப்பவர் ஒவ்வொரு கிரஸ்ட் தோலையும் வெளிச்சத்தில் விரித்து, கழுத்து முதல் வால்பகுதி வரை உள்ளங்கையால் தடவி, உண்ணி கடித்த புள்ளியும் முள் கீறிய கோடும் உரித்தவர் கத்தி பட்ட வெட்டும் எங்கெங்கே என்று பார்த்து ரகம் ரகமாக அடுக்குவதைக் காண்போர், அது பாதி வழியில் நிற்கும் சரக்கு என்பதையும், எஞ்சிய பாதியில்தான் அதன் விலை ஏறுகிறது என்பதையும் அறிவர்.

தமிழ்நாட்டுக்கு இதில் கூடுதல் அக்கறை இருக்கக் காரணம் உண்டு. இங்குள்ள செம்மறி இனங்களில் மென்கம்பளிக்குப் பெயர் பெற்றது நீலகிரி இனம் ஒன்றே. சென்னையைச் சுற்றிய மாவட்டங்களின் மெட்ராஸ் சிவப்பும், உயர்தரத் தோலுக்குப் பெயர்பெற்ற மேச்சேரியும் இறைச்சிக்கும் தோலுக்குமே வளர்க்கப்படுகின்றன. கம்பளி வணிகத்தில் பிற நாடுகள் பெறும் வருவாயை இந்த மண்ணின் ஆடுகள் தோல் வழியாகவே ஈட்டித் தருகின்றன. விளைபொருளைக் கச்சாவாகவே அனுப்பும் பழக்கம் எங்கே கொண்டுபோய் விடும் என்பதற்கு அந்தக் கம்பளி வணிகமே சான்றும் ஆகிறது. ஆடைக்கேற்ற மென்கம்பளியில் உலகின் முதன்மை விளைவிப்பாளரான ஆஸ்திரேலியா, தன் கம்பளியில் பெரும்பங்கை அழுக்கு கூட நீக்காமல் சீனாவுக்கு அனுப்புகிறது. கழுவி, சீவி, நூற்கும் ஆலைகள் அந்நாட்டில் ஏறக்குறைய மறைந்துவிட்டன. வளமான நாடு அந்த இழப்பைத் தாங்கிக்கொள்ளலாம். ஆம்பூரில் ஷூவின் மேற்பகுதி தைத்துக் குடும்பம் நடத்தும் பெண்களால் தாங்க முடியாது.

பாதிச் சரக்கை அனுப்பி ஆதாயத்தை அயலாருக்கு விடும் வணிகம் வடசென்னைக்குப் பழகிய ஒன்றுதான். 1856 ஜூலை 1 அன்று தென்னிந்தியாவின் முதல் பயணியர் ரயில் இராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரை ஓடியபோது, பிற்காலத்தில் தோல் பதனிடும் கூடங்கள் பெருகிய ராணிப்பேட்டை வட்டாரமும் சென்னைக் கடற்கரையும் ஒரே தண்டவாளத்தால் இணைந்தன. அக்காலத்தில் ஈ.ஐ. தோல் கப்பலேறி லண்டன் சந்தைக்குப் போய், அங்கே மெருகேறி, மெருகின் ஆதாயம் அங்கேயே தங்கியது. 1919இல் கச்சாத் தோலுக்கு 15 சதவீத ஏற்றுமதி வரி விதித்த ஆங்கிலேய அரசு, பேரரசுக்குள் பதனிடப்படும் தோலுக்கு அதில் 10 சதவீதத்தைத் திருப்பித் தந்தது. 1923இல் வரியையே 5 சதவீதமாகக் குறைத்தது. விடுதலைக்குப் பின் இந்தக் கணக்கு மாற்றப்பட்டது. 1948இல் அடையாற்றில் மத்திய தோல் ஆராய்ச்சி நிலையம் அமைந்தது. 1970களின் தொடக்கத்தில் சீதாராமையா குழுவின் பரிந்துரைப்படி கச்சாத் தோல் ஏற்றுமதி தடுக்கப்பட்டு, அரைகுறையாகப் பதனிட்ட தோலுக்கு ஒதுக்கீட்டு வரம்பும் வரியும் வந்தன. அன்று அரைகுறைத் தோலே பெரும்பகுதியாக இருந்த ஏற்றுமதியில் இன்று காலணியும் கைப்பையும் தோலாடையும் முதலிடம் பெற்றுள்ளன என்றால், அது அந்தக் கொள்கை தந்த பலன்.

அந்தப் பலனைக் கைகழுவியவர்கள் கணக்கில் கொள்ளாத உண்மை ஒன்று உண்டு. தோலின் பயணத்தில் தண்ணீரும் அழுக்கும் நிறைந்த பகுதி கிரஸ்டோடு முடிந்துவிடுகிறது. ஒரு கிலோ கச்சாத் தோலைப் பதனிட 30 முதல் 40 லிட்டர் வரை தண்ணீர் செலவாகிறது என்பது துறையினர் பொதுவாகக் கூறும் கணக்கு. ஒரு டன் கச்சாத் தோலிலிருந்து இறுதியில் கிடைக்கும் தோல் ஏறத்தாழ 200 கிலோதான். எஞ்சியது சதையாகவும் கொழுப்பாகவும் சீவலாகவும் சேறாகவும் இந்த மண்ணிலேயே தங்குகிறது. உப்பு நீரும், சுண்ணாம்பும் சல்பைடும் கலந்த நீரும், குரோமிய நீரும், சாய நீரும் கிரஸ்ட் நிலைக்கு முன்பே வெளியேறிவிடுகின்றன. அதற்குப் பிந்தைய மெருகேற்றமும் வெட்டுதலும் தைத்தலும் ஒட்டுதலும் பெட்டியில் அடுக்குதலும் தண்ணீர் மிகக் குறைவாகவும் ஆட்கள் மிக அதிகமாகவும் தேவைப்படும் வேலைகள். ஆகவே கிரஸ்ட் தோலை வரியின்றி வெளியேற்றுவது, கழிவு முழுவதையும் இங்கே வைத்துக்கொண்டு கூலி முழுவதையும் வெளிநாட்டுக்குத் தாரைவார்ப்பதற்குச் சமம். 20 சதவீத வரி இந்த அநீதிக்கு இருந்த ஒரே விலை. அந்த விலையும் இப்போது இல்லை.

அந்தக் கழிவு என்ன செய்தது என்பதைத் தில்லிக்குத் தெரியாத செய்தி என்று எவரும் சொல்ல முடியாது. வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் 1996இல் உச்ச நீதிமன்றம் வழங்கிய தீர்ப்பு, மாசுபடுத்தியவரே ஈடு செலுத்த வேண்டும் என்ற கோட்பாட்டை இந்தியச் சட்டத்தில் நிலைநிறுத்தியது. அந்தக் கோட்பாடு நிலைபெறக் காரணமாக இருந்தது பாலாற்றங்கரை மக்களின் பாழான கிணறுகளும் உப்பேறிய வயல்களும்தான். 2015 ஜனவரி இறுதியில் ராணிப்பேட்டை சிப்காட் வளாகத்தில் பொதுச் சுத்திகரிப்பு நிலையத்தின் கழிவுத் தொட்டிச் சுவர் இடிந்து, உறங்கிக்கொண்டிருந்த தொழிலாளர்களைச் சேறு மூடியதில் பத்துப் பேர் இறந்தனர். அதே பாலாற்றின் மாசு குறித்து உச்ச நீதிமன்றம் மீண்டும் கடுமையான தீர்ப்பு வழங்கியது 2025 ஜனவரி 30 அன்று. கிரஸ்ட் தோலின் வரி நீக்கப்பட்டது அதற்கு இரண்டு நாள் கழித்து. நீதிமன்றம் ஆற்றைக் காக்கச் சொன்ன வாரத்திலேயே, ஆற்றைக் கெடுக்கும் பாதியை ஊக்குவித்து, ஊருக்குச் சோறு போடும் பாதியை விட்டுக்கொடுக்கும் முடிவு வந்திருக்கிறது.

சிறு பதனிடுவோரின் நலனுக்காகவே இது செய்யப்பட்டது என்ற வாதம் பரிசீலிக்கத் தக்கதே. அவர்களுக்குத் துன்பம் இருப்பது உண்மை. ஆனால் அந்தத் துன்பத்தின் வேர் சுத்திகரிப்புச் செலவிலும், எளிதில் கிடைக்காத கடனிலும், நிலையற்ற கச்சாத் தோல் விலையிலும் இருக்கிறது. அவற்றில் ஒன்றையும் தொடாத சலுகை, சிறு பதனிடுவோரை வெளிநாட்டு வாங்குவோரின் கூலி ஆலையாக மாற்றவே பயன்படும். அதே கிரஸ்ட் தோலை இங்கே வாங்கி மெருகேற்றும் சிறு கூடங்களும், அதைத் தைக்கும் சிறு பட்டறைகளும் டாலரில் விலை கேட்பவரோடு போட்டியிட முடியாமல் சரக்கின்றி நிற்கும். அவர்களும் சிறு தொழில் செய்வோரே. தோல், தோல்பொருள், காலணி ஏற்றுமதி 2022-23இல் 526 கோடி டாலராக இருந்து 2023-24இல் சுமார் 469 கோடி டாலராகச் சரிந்தது. 2025 ஆகஸ்ட் 27 முதல் அமெரிக்கா இந்தியப் பொருள்களுக்கு 50 சதவீதச் சுங்கம் விதித்தபோது, தைத்த பொருளுக்கு வெளியே சுவர் எழும்பிய அதே ஆண்டில் தைக்காத தோலுக்கு உள்ளே கதவு திறந்துவிடப்பட்டிருந்தது.

சோதனையைக் கைவிட்டது முதல் தவற்றை இரட்டிப்பாக்கியது. எது கிரஸ்ட், எது முடிவுற்ற தோல், எது ஈ.ஐ. என்று மாதிரி எடுத்து ஆராய்ச்சி நிலையம் சான்று தந்த பிறகே சரக்கு ஏறும் என்ற முறை, பொய்ப் பெயரில் தோல் வெளியேறுவதைத் தடுக்கும் காவலாக இருந்தது. வரியே இல்லாதபோது சோதனை எதற்கு, கண்ணால் பார்த்தாலே தோல் வகை தெரியுமே என்று விளக்கம் தரப்பட்டது. அனுபவமுள்ள தரம் பிரிப்பவருக்குத் தெரியும் வேறுபாடு, நாட்டின் ஏதோ ஓர் உள்நாட்டுச் சரக்கு முனையத்தில் கன்டெய்னர் கதவைத் திறந்து முன்வரிசையை மட்டும் பார்க்கும் அலுவலருக்கும் தெரியும் என்று நம்புவதற்கு ஆதாரம் ஏதும் இல்லை. முதலில் வரியை எடுத்து, பிறகு வரி இல்லை என்பதையே காட்டிக் காவலையும் எடுத்தவர்கள், என்ன வெளியேறுகிறது என்பதை நாடு அறிந்துகொள்ளும் வழியையும் அடைத்துவிட்டனர்.

இது தனித்த ஒரு பிழையாக இருந்திருந்தால் இவ்வளவு கடுமை தேவைப்பட்டிருக்காது. வெட் ப்ளூ உள்ளிட்ட தோல்கள் இங்கேயே நல்ல தரத்தில் கிடைக்கின்றன, சிறு தொழிலைக் காக்க வேண்டும் என்று 2021 பிப்ரவரியில் இறக்குமதிச் சலுகையைப் பறித்தவர்கள், நான்கே ஆண்டுகளில் வெட் ப்ளூ இறக்குமதி உள்நாட்டு வேலைவாய்ப்பை வளர்க்கும் என்று கூறி வரியை முற்றாக நீக்கினர். இரண்டு முறையும் உள்நாட்டு நலனின் பெயரே சொல்லப்பட்டது. இரண்டில் ஒன்று தவறாகத்தான் இருக்க வேண்டும், ஆனால் எந்தத் தவற்றுக்கும் எவரும் பொறுப்பேற்கவில்லை. ஏற்றுமதியாளருக்கான பழைய ஊக்கத்தொகைத் திட்டத்தை 2020 டிசம்பரோடு முடித்து, 2021 ஜனவரியில் புதிய திட்டத்தைத் தொடங்கியவர்கள், அதன் விகிதங்களை வெளியிட்டது ஆகஸ்டில். இடைப்பட்ட மாதங்களில் என்ன கிடைக்கும் என்றே தெரியாமல் விலை சொல்லி ஒப்பந்தம் போட வேண்டியிருந்தது. 2017 மே மாதத்தில் கால்நடைச் சந்தைகளுக்கு விதித்த கட்டுப்பாடு ஒரு வாரத்துக்குள் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையால் நிறுத்திவைக்கப்பட்டது. 2012 மார்ச் 5 அன்று பருத்தி ஏற்றுமதிக்குத் தடை போட்டு, ஒரு வாரத்தில் அதையே திரும்பப் பெற்றதும் இதே மேசைகள்தான். ஆட்சிகள் மாறின, முன்யோசனையின்றி ஆணையிடுவதும், பாதிப்பைப் பிறர் தலையில் இறக்குவதும் மாறவில்லை.

வடசென்னை இந்த மனப்பான்மையைத் தன் சாலைகளில் அன்றாடம் காண்கிறது. துறைமுகத்தையும் மதுரவாயலையும் இணைக்கும் உயர்மட்டச் சாலைக்கு 2009இல் அடிக்கல் நாட்டி, 2012இல் வேலை நின்று, தூண்கள் கூவத்தில் ஆண்டுக்கணக்கில் வெறுமனே நின்ற பிறகு, 2022 மே மாதத்தில் மீண்டும் அடிக்கல் நாட்டப்பட்டது. இடையில் எண்ணூர் விரைவுச் சாலையிலும் மணலியிலும் திருவொற்றியூரிலும் கன்டெய்னர் லாரிகள் துறைமுக வாயிலுக்காகக் காத்துக் கிடந்தன. புழுதியையும் புகையையும் விபத்தையும் சுமந்தவர்கள் அங்கே குடியிருக்கும் மீனவரும் தொழிலாளரும். ராணிப்பேட்டையில் கழிவு தங்குகிறது, இராயபுரத்தில் நெரிசல் தங்குகிறது; இரண்டுக்கும் ஈடாக அப்பகுதி மக்களுக்கு எஞ்சியிருந்தது வேலை ஒன்றே. தைத்து முடித்த பொருள் போகும் வரைதான் அந்த வேலைக்கு உயிர் உண்டு: வெட்டுவோர், தைப்போர், பெட்டி செய்வோர், சுங்க முகவர், சரக்கு நிலையத்தில் சுமை ஏற்றுவோர் எல்லோரும் அதில் அடக்கம். எந்தத் துறைமுகத்திலும் எவ்விதச் சோதனையும் இன்றிப் பாதிச் சரக்கு வெளியேறலாம் என்று சொல்பவர்கள், இந்தச் சங்கிலியின் ஒரு கண்ணியையாவது நேரில் பார்த்திருந்தால் இப்படி ஓர் ஆணையில் கையெழுத்திட்டிருக்க மாட்டார்கள்.

தவறான முடிவைத் திரும்பப் பெறுவதில் இழிவு ஏதும் இல்லை; பருத்தியில் ஒரு வாரத்தில் முடிந்தது தோலில் முடியாமல் போவதற்குக் காரணம் இல்லை. கிரஸ்ட் தோலின் ஏற்றுமதி, கழிவின் உண்மையான செலவையும் தையல் தொழிலின் தேவையையும் கணக்கில் கொண்ட ஒரு நெறிமுறைக்குள் மீண்டும் வர வேண்டும். சிறு பதனிடுவோருக்கான உதவி அவர்களுடைய துன்பத்தின் வேருக்குப் போய்ச் சேர வேண்டும். தோல் கிரஸ்டாகவே கப்பலேறும் காலம் வரை, அந்தக் கப்பலில் போவது பாலாற்றின் தண்ணீரும் தமிழ்நாட்டுப் பெண்களின் கூலியும்தான் என்பதை ஆணையிட்டவர்கள் உணர வேண்டும். உணராவிட்டால், நாடாளுமன்றத்தில் தமிழ்நாட்டின் குரலாக அமர்ந்திருப்போர் அதை உணர்த்த வேண்டும்.