கரி பிடிப்பதும் கரி விடுவதும்

சென்ற இதழில் சலவைத்தூளைப் பற்றி எழுதியிருந்தேன். அதை வாசித்த ஒரு அக்கா தொலைபேசியில் அழைத்து, "தம்பி, ஊர் உலகத்தை எல்லாம் எழுதுகிறீர், நீர் வேலை செய்யிற இடத்தில என்ன செய்யிறீர் எண்டு ஒருநாளும் எழுதேல்லையே" என்று கேட்டார். ஆகவே இம்மாதம் கரியைப் பற்றி எழுதுகிறேன்.

எங்கள் தொழிற்சாலையில் வடிகட்டிகள் செய்கிறோம். அடுப்புக்கு மேலே புகை இழுக்கும் பெட்டிக்குள் ஒரு கறுப்புத் தட்டு இருக்குமே, அதுவும் எங்கள் உருப்படிதான். தண்ணீர் வடிக்கும் குழல்களும் செய்கிறோம். என் வேலை சாக்கை உடைத்து இயந்திரத்தின் வாயில் கொட்டுவது. முகமூடி போட்டாலும் வீட்டுக்கு வந்து மூக்கைச் சிந்தினால் கறுப்பாகத்தான் வரும். முதல் நாள் ஒரு சாக்கைப் புரட்டினேன், அடியில் 'சிறீலங்கா' என்று அச்சடித்திருந்தது. உள்ளே தேங்காய்ச் சிரட்டைக் கரி. நான் கடுதாசி இல்லாமல் எத்தனையோ எல்லை தாண்டி வந்து சேர்ந்த நாட்டுக்கு, எங்கள் ஊர்ச் சிரட்டை எல்லாக் கடுதாசியோடும் கப்பலில் வந்திறங்கியிருக்கிறது.

இது அடுப்புக் கரி அல்ல. சிரட்டையை முதலில் காற்றுக் குறைவாக விட்டுக் கரியாக்குவார்கள். பிறகு அந்தக் கரியை ஏறக்குறைய 900 பாகை வெப்பத்தில் வைத்து நீராவியைச் செலுத்துவார்கள். அப்போது கரிக்குள் கண்ணுக்குத் தெரியாத கோடிக்கணக்கான நுண்துளைகள் உண்டாகும். இதைத்தான் ஏவப்பட்ட கரி என்கிறோம். இங்கே ஜேர்மன் மொழியில் 'அக்ரீவ்கோலெ' என்று கேட்டால் விளங்கும். இதில் ஒரு கிராமுக்குள் இருக்கும் துளைச் சுவர்களை எல்லாம் விரித்துப் பரப்பினால் ஆயிரம் சதுர மீற்றர் வரை வருமாம். யாழ்ப்பாணக் கணக்கில் சொன்னால் நாலு பரப்புக் காணி. ஒரு தேக்கரண்டிக் கரிக்குள் ஒரு தோட்டமே கிடக்கிறது.

பஞ்சு தண்ணீரைக் குடிப்பதுபோல ஒன்று மற்றதன் உடலுக்குள்ளேயே போவது அகத்துறிஞ்சல். கரி செய்வது புறத்துறிஞ்சல். பற்றைக்குள்ளால் நடந்து வந்தால் நாயுருவி விதை சாரத்தில் ஒட்டிக்கொண்டு வருமே, அதுபோல மணமும் மருந்தும் நஞ்சும் கரியின் சுவர்களில் ஒட்டிக்கொள்கின்றன. சுவர் நிறைந்தால் பிறகு ஒட்டாது. ஆகவே அக்காமாரே, மீன் பொரித்த மணத்துக்கு மேல்வீட்டார் முறைப்பாடு செய்தால், பெட்டிக்குள் உள்ள கரித்தட்டை மாற்றி எத்தனை மாதம் என்று முதலில் பாருங்கள்.

வைத்தியத்தில் இந்தக் கரிக்குப் பழைய பெயர் உண்டு. 1831இல் தூவெரி என்ற பிரெஞ்சு மருந்தாளர், வைத்திய அறிஞர்கள் பார்த்திருக்க, ஆளைக் கொல்லக்கூடிய அளவு எட்டிக்காய் நஞ்சைக் கரித்தூளோடு சேர்த்து விழுங்கி உயிரோடு நின்றார் என்று வைத்திய நூல்கள் சொல்கின்றன. இன்றும் வைத்தியசாலைகளில் சில நஞ்சுகளுக்கும், அளவுக்கு மீறி விழுங்கிய சில மருந்துகளுக்கும் கரித்தூளைத் தண்ணீரில் கரைத்துக் குடிக்கக் கொடுக்கிறார்கள். குடலில் இருக்கும் நஞ்சு இரத்தத்தில் கலக்க முன்னர் கரி அதைப் பிடித்துவிட வேண்டும். பெரும்பாலும் முதல் ஒரு மணித்தியாலத்துக்குள் கொடுத்தால்தான் நல்ல பலன்.

இவ்வளவும் எனக்குத் தெரிந்திருந்தது. தெரிந்திருந்ததுதான் அன்று என்னைப் பிழையான வழியில் கொண்டுபோகப் பார்த்தது.

கடந்த மாரி காலம், ஒரு சனிக்கிழமை. இரண்டாவது பிள்ளை பிறந்து ஒரு மாதம். மனைவிக்கு இரத்தம் குறைவென்று இரும்புச்சத்துக் குளிசை கொடுத்திருந்தார்கள். சிவப்பாக, மினுக்கமாக, பார்த்தால் இனிப்புப் போலவே இருக்கும். மூத்தவளுக்கு மூன்று வயது. நான் குசினியில் நின்றேன். "இஞ்சருங்கோ, பிள்ளை குளிசையைத் திண்டிட்டாள்!" என்று மனைவி குழறும் சத்தம் கேட்டது. ஓடிப்போய்ப் பார்த்தால் பிள்ளையின் வாயெல்லாம் சிவப்பு. அட்டையை எண்ணினேன். மூன்று குளிசை குறைந்தது.

சப்பாத்து அலுமாரியில் மணம் போவதற்கென்று, தொழிற்சாலையில் கூட்டி அள்ளிய கரியைக் கேட்டு வாங்கி வந்து ஒரு போத்தலில் வைத்திருந்தேன். என் கை நேரே அதற்குத்தான் போனது. அம்மியில்லாத வீட்டில் கரண்டிக் காம்பால் இடித்துக் கொண்டிருக்கிறேன். மனைவி கையைப் பிடித்து, "முதல் கேளுங்கோ. அந்த மிஸ் ஒட்டிவிட்ட நம்பருக்கு எடுங்கோ" என்றாள். தாய் சேய் ஆலோசனைக்கு வரும் பெண்மணி குளிரூட்டியில் ஒரு தாள் ஒட்டியிருந்தார். அதில் 145 என்ற இலக்கம். சுவிற்சர்லாந்து முழுவதற்கும் நஞ்சு பற்றிக் கேட்பதற்கான இலக்கம் அது. இரவு பகல் எந்நேரமும் எடுக்கலாம்.

எனக்கு உண்மையில் பயம் பிள்ளையைப் பற்றி மட்டுமல்ல. பிள்ளையைக் கவனிக்காத பெற்றோர் என்று எங்காவது எழுதி வைத்து, நாளைக்கு வதிவிட அனுமதி புதுப்பிக்கும்போது அதைத் தூக்கிக் காட்டுவார்களோ என்ற பயமும் இருந்தது. புதிதாக வந்தவர்கள் பலருக்கும் இந்தப் பயம் உண்டு. வெட்கத்தை விட்டு எழுதுகிறேன். அந்த நினைப்பில் நான் சில நிமிடங்களை வீணாக்கினேன்.

மறுமுனையில் ஒரு பெண். என் அரைகுறை ஜேர்மனைக் கேட்டதும் மெதுவாகக் கதைத்தார். என்ன மருந்து, பெட்டியில் உள்ள பெயரை எழுத்தெழுத்தாகச் சொல்லுங்கள், எத்தனை, எப்போது, பிள்ளையின் நிறை என்ன? பதினாலு கிலோ என்றேன். கரி கொடுக்கட்டுமா என்று கேட்டேன். "வேண்டாம். இரும்பைக் கரி பிடிக்காது" என்றார். சத்தி எடுக்க வைக்கவும் வேண்டாம், பெட்டியையும் எடுத்துக்கொண்டு உடனே பிள்ளைகள் வைத்தியசாலைக்குப் போங்கள் என்றார். அங்கே இரத்தம் சோதித்து, பின்னேரம் வரை வைத்துப் பார்த்து, அன்றே வீட்டுக்கு விட்டார்கள். எங்களைப் பற்றி ஒருவரும் ஒன்றும் எழுதி அனுப்பவுமில்லை, விசாரிக்கவுமில்லை.

தினமும் எட்டரை மணித்தியாலம் கரிக்குள் நிற்கிறவனுக்கு அது தெரியாமல் போயிற்று. இரும்பு, லித்தியம் போன்றவற்றைக் கரி பிடிக்காது. மதுசாரத்தையும் பிடிக்காது. மண்ணெண்ணெய், அசிட், குழாய் அடைப்பு எடுக்கும் மருந்து ஆகியவை உள்ளே போனால் கரி கொடுப்பது உதவாது என்பது மட்டுமல்ல, ஆபத்து. மயங்கிக் கிடப்பவருக்குப் பருக்கினால் சுவாசப்பைக்குள் போய்விடும். தொழிற்சாலைக் கரி மருந்துக் கரியுமல்ல. கருக்கிய பாணுக்கும் இறைச்சி வாட்டும் கரிக்கும் அந்த நாலு பரப்புக் காணி கிடையாது. இன்னொன்றும் சொல்ல வேண்டும். வயிறு சுத்தமாகும் என்று கரிக் குளிசை வாங்கிப் போடும் பழக்கம் இப்போது பரவியிருக்கிறது. நல்லது கெட்டது என்று கரிக்குத் தெரியாது. நீங்கள் போடும் கருத்தடைக் குளிசையையும் இருதயக் குளிசையையும் சேர்த்துப் பிடித்துவிடும். மருந்துக்கடையில் கேட்காமல் போடாதீர்கள்.

வீட்டுக்கு வந்ததும் எனக்கு ஒரு வெறி. அலுமாரியில் கிடந்த நோவுக் குளிசை, முடிக்காமல் விட்ட அன்ரிபயோற்றிக், ஊரிலிருந்து மாமி கொண்டுவந்த பெயர் தெரியாத குளிசை எல்லாவற்றையும் ஒரு பையில் அள்ளினேன். கக்கூசுக்குள் கொட்டித் தண்ணீர் ஊற்றிவிட நினைத்தேன். பிள்ளை அழுததால் அன்று நடக்கவில்லை. திங்கட்கிழமை மேற்பார்வையாளரிடம் இதைச் சொன்னபோது அவர் சிரித்தார். "கொட்டு, கொட்டு. நீ கொட்டினால்தானே எங்கள் கரி விலைப்படும்" என்றார்.

பிறகுதான் விளக்கினார். கழிவுநீர் நிலையத்தில் பக்ரீரியாக்கள் சோற்றுக் கஞ்சியையும் சவர்க்காரத்தையும் தின்றுவிடும். ஆனால் பல மருந்துகளைத் தின்னமாட்டா. அவை அப்படியே ஆற்றுக்குப் போகும். உதாரணம் டைக்குளோபெனாக். வோல்ற்றாரன் என்றால் எங்கள் ஆட்களுக்கு உடனே தெரியும். சாக்குத் தூக்கி முதுகு நோகும்போது நானும் அதைத்தான் பூசுகிறேன். பூசும் களிம்பில் சிறு பங்குதான் தோலுக்குள் போகிறது. மிச்சம் குளிக்கும்போது குழாயால் போகிறது. அது மீன்களின் சிறுநீரகத்தையும் பூவையும் பாதிக்கும். இந்தியாவிலும் பாகிஸ்தானிலும் மாட்டுக்குப் போட்ட இதே மருந்து, செத்த மாட்டைத் தின்ற கழுகுகளை அழித்தது. அந்தக் காரணம் 2004இல் வெளிவந்தது. 2006இல் மாட்டு வைத்தியத்துக்கு இந்தியா அதைத் தடுத்தது.

சுவிற்சர்லாந்தில் 2016 முதல் ஒரு சட்டம் இருக்கிறது. ஏறக்குறைய நூறு பெரிய நிலையங்கள், 2040க்குள் இப்படியான நுண்பொருட்களில் 80 வீதத்தை அகற்ற வழி செய்யவேண்டும் என்று அப்போது திட்டமிட்டார்கள். செலவுக்காக ஆளுக்கு வருடம் ஒன்பது பிராங் என்று வைத்தார்கள். 2014இல் டூபென்டோர்பில் ஓசோன் வாயுவால் தொடங்கினார்கள். அடுத்த வருடம் ஹெரிசாவில் கரித்தூளைக் கொண்டு தொடங்கினார்கள். கரியால் டைக்குளோபெனாக்கை நன்றாகப் பிடிக்க முடிகிறது. ஆனால் ஸ்கான் எடுக்கும்போது ஊசியால் ஏற்றும் அயடீன் மருந்து போன்ற, தண்ணீரோடு நன்றாகக் கலக்கும் பொருட்களைப் பிடிப்பது கடினம். இரும்பின் கதைதான் இங்கேயும்.

களிம்பு பூசிய கையை இப்போது முதலில் கடுதாசியால் துடைத்துக் குப்பையில் போட்டுவிட்டுத்தான் கழுவுகிறேன். அந்தப் பையை வீதி முனையிலுள்ள மருந்துக்கடைக்குக் கொண்டுபோனேன். ஒரு கேள்வியும் கேட்கவில்லை, வாங்கி உள்ளே வைத்தார்கள். வெறும் பெட்டிகளை மட்டும் பழைய கடுதாசியோடு போடச் சொல்லித் திருப்பித் தந்தார்கள். மிச்ச இரும்புக் குளிசை பூட்டுப் போட்ட தகரப்பெட்டிக்குள், அலுமாரியின் மேல்தட்டில் இருக்கிறது. திறப்பு மனைவியிடம்.