யாருக்காகப் போட்ட ரோடு?

கிண்டியிலிருந்து தாம்பரம் வரையில் ஜி.எஸ்.டி. ரோட்டில் பிரயாணம் செய்கிறவர்கள், வழியிலுள்ள ஸ்தலங்களை ஒரு முறை வரிசையாக எண்ணிப் பார்க்க வேண்டும். முதலில் வருவது பரங்கிமலை. ஏசுநாதரின் சீடரான தோமையர் உயிர் துறந்த குன்று என்பது ஐதிகம். உச்சியிலே மாதா கோயில். அடிவாரத்திலே கும்பினியார் காலந்தொட்டுப் பட்டாளம். ராணுவ அதிகாரிகளைப் பயிற்றும் கலாசாலை ஒன்றும் 1963-ல் அங்கே ஏற்பட்டது. அடுத்தது பல்லாவரம், அங்கும் கன்டோன்மெண்ட். அதற்கும் தெற்கே தாம்பரம். ஒரு பக்கம் விமானப் படைத் தளம், அதற்கு வெகு தூரமில்லாமல் சென்னை கிறிஸ்துவக் கலாசாலை. பகைவனையும் நேசிக்கச் சொன்னவருடைய ஆலயமும், பகைவனை வெல்லும் வித்தையைக் கற்பிக்கும் பாசறையும் இப்படி ஒரே ரோட்டில் அண்டை வீட்டாராக இருந்து வருகின்றன. சண்டை சச்சரவு ஒன்றுமில்லை.

அந்தக் கலாசாலை 1937-ல்தான் ஜார்ஜ் டவுனை விட்டுத் தாம்பரத்துக்கு வந்தது. மறு வருஷம் டிஸம்பரில் அங்கே கிறிஸ்துவ மிஷன்களின் உலக மகாநாடு கூடிற்று. ஏறக்குறைய எழுபது நாடுகளிலிருந்து 470 பேருக்கு மேல் வந்திருந்தார்கள். சீனர்களுக்குத் தலைமை வகித்து வந்தவர் வூ யி-ஃபாங் என்னும் பெண்மணி. நான்கிங் நகரத்து ஜின்லிங் பெண்கள் கலாசாலையின் தலைவர். ஒரு வருஷத்துக்கு முன்புதான் ஜப்பானியச் சேனை நான்கிங்கில் புகுந்து செய்யத் தகாததையெல்லாம் செய்திருந்தது. ஆயிரக்கணக்கான பெண்கள் அந்தக் கலாசாலை மதிலுக்குள்ளேதான் அடைக்கலம் புகுந்தார்கள். அதே தாம்பரம் மகாநாட்டுக்கு ஜப்பானிலிருந்து வந்தவர் டோயோஹிகோ ககாவா. கோபே நகரத்துச் சேரியில் குடியிருந்து ஏழைகளுக்குத் தொண்டு செய்தவர், யுத்தத்தை வெறுத்தவர். மகாநாடு முடிந்ததும், 1939 ஜனவரியில், அவர் காந்திஜியைக் கண்டு, தம்முடைய நிலையிலிருந்தால் என்ன செய்வீர்கள் என்று கேட்டார். உள்ளத்திலிருப்பதைப் பகிரங்கமாகச் சொல்லிவிட்டுச் சுட்டால் சாவேன் என்ற கருத்தில் காந்திஜி பதில் சொன்னார். சீனாவுக்கு இழைத்த அநீதிக்காக மன்னிப்புக் கோரியதன் பொருட்டு ககாவா 1940-ல் கைதானார். ஆனால் யுத்தம் முற்றியபோது, அமெரிக்காவைக் கண்டித்து ரேடியோவில் பேசியவரும் அவரே! அவரை ஏளனம் செய்ய எனக்கு மனம் வரவில்லை. தேசம் முழுவதும் ஒரே திசையில் உருண்டோடும்போது, தனி மனிதன் ஒருவன் தன் விரதத்தை எவ்வளவு தூரம் காப்பாற்ற முடியும்?

இந்தக் கேள்வியை மனத்தில் வைத்துக்கொண்டுதான் அமெரிக்கப் புஸ்தகங்கள் சிலவற்றைச் சென்ற மாதம் படித்தேன். ராஜபாட்டைகளைப் பற்றியவை ஒரு ஜாதி. யுத்தத்தை மறுக்கும் கிறிஸ்துவர்களைப் பற்றியவை வேறு ஜாதி. நூல் நிலையத்தில் இரண்டும் வெவ்வேறு அலமாரிகளில் இருக்கும். ஒருங்கே வைத்துப் படித்தால், இரண்டிலும் ஒரே மனிதர் தலை காட்டுவது தெரிகிறது. அவர் ஜனாதிபதி ஐசன்ஹோவர்.

டாம் லூயிஸ் 1997-ல் எழுதிய ‘டிவைடெட் ஹைவேஸ்’, எர்ல் ஸ்விஃப்ட் 2011-ல் எழுதிய ‘தி பிக் ரோட்ஸ்’ ஆகிய இரண்டும் ரோட்டின் கதையை நன்றாகச் சொல்கின்றன. 1919-ல் அமெரிக்க ராணுவத்தின் லாரி வரிசை ஒன்று வாஷிங்டனிலிருந்து ஸான்பிரான்ஸிஸ்கோவுக்குப் புறப்பட்டது. சேற்றிலும் மணலிலும் புதைந்து, மரப்பாலங்களை முறித்துக்கொண்டு, போய்ச் சேர 62 நாட்கள் ஆயின. அதில் உடன் சென்ற இளம் அதிகாரி ஐசன்ஹோவர். பிற்பாடு ஜெர்மனியின் அகன்ற ரோடுகளையும் சேனாதிபதியாகப் பார்த்தார். 1956-ல் ஜனாதிபதியாகக் கையெழுத்திட்டு, 41,000 மைல் நீளத்துக்கு நெடுஞ்சாலைகள் போட வழி செய்தார். செலவில் நூற்றுக்குத் தொண்ணூறு மத்திய சர்க்காருடையது. அந்தச் சாலைகளின் சட்டப் பெயரிலேயே ‘தேசப் பாதுகாப்பு’ என்ற சொல் இருக்கிறது.

இனி மற்ற அலமாரி. ஐசன்ஹோவரின் பாட்டனார் ‘ரிவர் பிரதரன்’ என்ற சபையைச் சேர்ந்தவர். ஆயுதம் தொடுவதில்லை என்பது அந்தச் சபையின் விரதம். தாயாரும் யுத்தத்தைப் பாவமென்று கருதியவர். 1911-ல் மகன் ராணுவக் கலாசாலைக்குப் புறப்பட்டபோது அந்த அம்மாள் தடுக்கவில்லை. ஆனால் அழுதாள் என்கிறார்கள். குவேக்கர், மென்னோனைட், பிரதரன் என்ற மூன்று சபைகளும் பல தலைமுறைகளாக இந்த மறுப்பைக் காத்து வந்தவை. இரண்டாம் உலக யுத்தத்தில் அமெரிக்க வாலிபர் ஏறக்குறைய 12,000 பேர் துப்பாக்கி ஏந்த மறுத்து, காடு வளர்க்கவும், பைத்தியக்கார ஆஸ்பத்திரிகளில் பணி புரியவும் போனார்கள். வீரம்தான், சந்தேகமில்லை. இருந்தாலும் எனக்கு ஒரு குறை உண்டு. படைக்குப் போகமாட்டேன் என்று சொல்வது ஒரு நாள் காரியம். படையை வேண்டியதாக்கும் வாழ்க்கையை நாள்தோறும் நடத்துகிறோமே, அதற்கு என்ன செய்வது? இந்தப் புஸ்தகங்களில் பல அந்த வாசற்படியோடு நின்றுவிடுகின்றன.

நிற்காதவர் ரிச்சர்ட் கிரெக். வக்கீல் தொழிலை விட்டு 1925-ல் இந்தியாவுக்கு வந்து நாலு வருஷ காலம் தங்கினார். கதரின் பொருளாதாரத்தைப் பற்றிய அவருடைய நூலை 1928-ல் வெளியிட்டவர் நம் திருவல்லிக்கேணி எஸ். கணேசன்! ஊர் திரும்பிய பின், 1934-ல், அஹிம்சையின் சக்தி பற்றி ஒரு நூல் எழுதினார். அதைப் படித்தவர்களுள் மார்ட்டின் லூதர் கிங்கும் ஒருவர். 1959-ல் வந்த பதிப்புக்கு முன்னுரை அவருடையதே.

கிங்கின் சேனைக்கு ஆயுதம் கிடையாது. ரோடு மட்டும் வேண்டியிருந்தது. 1965 மார்ச் 7-ந் தேதி, வாக்குரிமை கோரி நடந்த நீக்ரோ மக்களைச் செல்மா நகரத்துப் பாலத்தில் போலீஸார் தடியாலும் கண்ணீர்ப் புகையாலும் தாக்கினார்கள். இரண்டு வாரம் கழித்து, நீதிபதியின் அனுமதியோடு, மாண்ட்கமரிக்கு 54 மைல் நடந்தார்கள். 80-ம் எண் நெடுஞ்சாலை இரு வண்டி அகலமாகக் குறுகும் இடத்தில் முந்நூறு பேருக்கு மேல் நடக்கக் கூடாது என்று நீதிபதி நிபந்தனை விதித்திருந்தார். கடைசி நாள் 25,000 பேர் நகருக்குள் புகுந்தார்கள். அன்றிரவே, அவர்களைக் காரில் திரும்பக் கொண்டுவிட்டுக் கொண்டிருந்த வயோலா லியூஸோ என்ற வெள்ளைக்கார மாது அதே ரோட்டில் சுட்டுக் கொல்லப்பட்டாள். அதோடு முடிந்ததா? அதே மாண்ட்கமரியில், கிங்கின் வலது கையாக இருந்த அபர்நாதி வாழ்ந்த பேட்டையின் வழியாகவே புதிய நெடுஞ்சாலையைக் கொண்டுபோனார்கள். மியாமியிலும் ஸெயின்ட் பாலிலும் நீக்ரோ மக்களின் குடியிருப்புகள் இவ்வாறே பிளக்கப்பட்டன. கோடு போடுகிறவர்களுக்குப் படத்தில் எந்த வீடு இளைத்தது என்று தெரியும் போலும்.

ரோட்டையும் விரதத்தையும் முடிச்சுப் போட்டுப் பார்த்தவர் நம் தஞ்சாவூர்க்காரர் ஜே. ஸி. குமரப்பா. 1892-ல் பிறந்தவர்; லண்டனில் கணக்குப் பரீட்சை தேறி, அமெரிக்காவில் கொலம்பியா சர்வகலாசாலையில் பொது நிதி பயின்றவர். 1929-ல் காந்திஜியைக் கண்டார். கோட்டும் தொப்பியும் போய்க் கதர் வந்தது. 1930-ல், சர்க்காரின் கொடுமையைக் கண்டும் பேசாதிருந்த கிறிஸ்துவ மிஷனரிமாரையும், கல்கத்தா பிஷப்பையுமே, ஏசுநாதரின் பெயரால் கேள்வி கேட்டார். இவர் ஜபல்பூர் சிறையிலிருந்து எழுதி 1945-ல் வெளிவந்தது, ஏசுவின் நடையும் போதனையும் பற்றிய நூல். காந்திஜியே முன்னுரை தந்திருக்கிறார்.

குமரப்பாவுக்கு யுத்தம் போர்க்களத்தில் ஆரம்பமாவதில்லை. நம் வீட்டுச் சமையலறையில் ஆரம்பமாகிறது. அவர் எடுத்துக்கொள்ளும் உதாரணம் ஒரு கிண்ணம் கோகோ. ஆப்பிரிக்காவில் அடித்து வேலை வாங்கி விளைவித்த கொட்டை; அதைக் கொண்டுவரும் கப்பல்; கப்பலைக் காக்கும் பீரங்கி. கோகோவை ருசித்துக் குடிப்பவன் அந்தப் பாவத்தில் பங்காளிதான் என்கிறார். ரோட்டு விஷயத்திலும் அப்படியே. கட்டை வண்டிக்கும் லாடம் அடிக்காத மாட்டுக்கும் மண் பாதையே போதும். கல்லும் தாரும் மோட்டாருக்காகப் போடுவது. அதற்கு ஏழைக் குடியானவன் ஏன் வரி கொடுக்க வேண்டும் என்று கேட்டார். அரும்பொருள் கணக்கில் தேர்ந்தவரல்லவா? பற்று வரவு இரண்டையும் பார்க்காமல் விடமாட்டார்.

இதில் முழுவதும் அவர் கட்சியில் சேர எனக்குத் தயக்கம் உண்டு. பிரசவ வேதனைப்படும் பெண்ணைச் செங்கற்பட்டு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகிற ஆம்புலன்ஸ் மண் பாதையில் போக முடியாது. தார் ரோடு கேட்டுக் கலெக்டரிடம் மனுக் கொடுப்பவர்கள் கிராமத்தாரேதான். ஆயினும் அவர் கேட்ட கேள்வி பொய்யாகிவிடவில்லை. 2018-ல் நம் வண்டலூர்ப் பக்கத்திலிருந்து சேலத்துக்கு 277 கிலோமீட்டர் நீளத்தில் எட்டு வழிச் சாலை போடத் திட்டம் வந்தது. மதிப்பு பதினாயிரம் கோடி ரூபாய். நிலத்தில் கல் நட வந்தபோது திருவண்ணாமலை, தருமபுரி, சேலம் ஜில்லாக் குடியானவர்கள் மறித்தார்கள்; வயதான பெண்கள் வயலிலேயே விழுந்து அழுதார்கள். 2019 ஏப்ரலில் ஹைகோர்ட் நில எடுப்பை ரத்து செய்தது. 2020 டிஸம்பரில் சுப்ரீம் கோர்ட் அந்தத் தீர்ப்பை மாற்றியது. ராணுவத் தளவாடத் தொழிலுக்கென்று தமிழ்நாட்டில் குறித்த ஐந்து மையங்களுள் சேலமும் ஒன்று என்பதை இங்கே நினைவுபடுத்துகிறேன். ‘தேசப் பாதுகாப்பு’ என்ற சொல் அமெரிக்கச் சட்டத்தில் மட்டும் குடியிருப்பதல்ல.

குமரப்பாவின் ஏசு நூல் சிறியது, எளிய இங்கிலீஷ். பத்தாம் வகுப்புப் பையனும் பெண்ணும் அகராதியை இரண்டு தடவை புரட்டினால் படித்து விடலாம். முதல் பதிப்பு நவஜீவன் வெளியீடு. ஸ்விஃப்டின் புஸ்தகம் தடிமனானது. லீவு நாட்களுக்கு ஏற்றது. இரண்டையும் வாங்க இயலாதவர்கள் முதலில் சிறியதை வாங்கட்டும்.